எவரெஸ்ட் உச்சியில் கடல் உயிரினங்களின் புதைபடிவங்கள் இருக்கின்றனவாமே? கடல் அவ்வளவு உயரம் ஏறியதா?

புதைபடிவங்கள் இருப்பது உண்மை. ஆனால் கடல் ஏறவில்லை, கடலின் தரைதான் ஏறியது.

வீட்டுப் பூஜையறையில் சாளக்கிராமம் இருந்தால் கையில் எடுத்துப் பாருங்கள். கருப்பான, வழவழப்பான கல்லில் சக்கரம் போலச் சுருண்ட வரிகள் தெரியும். அம்மோனைட் என்ற கடல் உயிரியின் ஓடு பதிந்த தடம் அது. நேபாளத்தில் முக்திநாத் பக்கம், கண்டகி ஆற்றில் கிடைக்கிறது. கடலே இல்லாத நாட்டில்! எவரெஸ்ட் உச்சிப் பாறையும், 40 கோடி ஆண்டுகளுக்கும் முன்பு கடலடியில் படிந்த சுண்ணாம்புக்கல்தான்.

சரி, மேலே எப்படிப் போனது? கோண்டுவானா என்ற பழைய பெருங்கண்டத்திலிருந்து பிரிந்த இந்தியா வடக்கே நகர்ந்தது. இந்தியாவுக்கும் ஆசியாவுக்கும் நடுவில் டெதிஸ் என்ற கடல். அதன் தரை கனமான பாறை என்பதால் ஆசியாவுக்கு அடியில் அமிழ்ந்துகொண்டே போனது. சுமார் 5 கோடி ஆண்டுகளுக்கு முன் இந்திய நிலப்பகுதியே வந்து மோதியது. கண்டப் பாறை லேசானது, எளிதில் அமிழாது. அதனால், சுவரோரம் தள்ளிய ஜமுக்காளம் போல, இந்தியாவின் விளிம்பில், கடலடியில் படிந்திருந்த படிவுகள் மடிந்து, உடைந்து, ஒன்றன்மேல் ஒன்றாக ஏறின. திபெத்துக்கு அடியில் பூமியின் மேலோடு இன்று ஏறத்தாழ 70 கிலோமீட்டர் தடிமன், வழக்கமானதைவிட இரு மடங்கு.

இந்தத் தள்ளல் இன்னும் நிற்கவில்லை. இந்தியா ஆண்டுக்கு 4, 5 சென்டிமீட்டர் வடக்கே நகர்கிறது. அந்த அழுத்தம் பாறைப் பிளவுகளில் சேர்ந்து, திடீரென விடுபடும்போதுதான் நிலநடுக்கம். 2015 நேபாள நிலநடுக்கத்தில் காத்மாண்டுப் பகுதி சில நொடிகளில் சுமார் ஒரு மீட்டர் உயர்ந்தது.