பர்னாந்து என்று பெயர் இருந்தால் போர்த்துகீசிய வம்சமா?

கேள்வி: எங்கள் குடும்பப் பெயர் பர்னாந்து, பூர்வீகம் தூத்துக்குடிப் பக்கம். எங்கள் முன்னோர் போர்த்துகீசியர்களா? இந்தப் பெயரை வைத்துப் போர்த்துகல் குடியுரிமை வாங்கித் தருவதாக ஒருவர் சொல்கிறார். நம்பலாமா?

நம்பாதீர்கள். முன்பணம் கேட்டிருந்தால் இன்றைக்கே பேச்சை முறித்துக்கொள்ளுங்கள். நானும் அதே பெயர்க்காரன். இதே ஆசையில் 85,000 ரூபாய் தொலைத்தவன். அதனால்தான் இந்தக் கேள்வியைப் பார்த்துவிட்டுச் சும்மா போக முடியவில்லை.

உங்களுக்கு முப்பது வயதுக்குள் இருக்கும் என்று நினைக்கிறேன். கப்பலிலோ வளைகுடாவிலோ வேலை. கூட வேலை பார்த்த கோவாக்காரர் யாராவது போர்த்துகல் பாஸ்போர்ட் எடுத்து இங்கிலாந்து போயிருப்பார். “அவன் பெர்னாண்டஸ், நான் பர்னாந்து, பெரிய வித்தியாசம் என்ன?” என்று மனசுக்குள் ஒரு கணக்கு ஓடியிருக்கும். எனக்கு ஓடியது.

2009இல் கோவாவில் வாஸ்கோ நகரத்தில் கப்பல் பழுதுபார்க்கும் ஒப்பந்த வேலையில் இருந்தேன். அறையில் நாலு பேர். இரண்டு பேர் கோவாக்காரர்கள், ஒருவர் பின் ஒருவராகப் போர்த்துகல் பாஸ்போர்ட் வாங்கிக்கொண்டு கிளம்பினார்கள். அவர்களுக்கு அது உரிமை. கோவா, டாமன், டையூ மூன்றும் 1961 டிசம்பர் வரை போர்த்துகலின் ஆட்சியில் இருந்தவை. அதற்கு முன் அங்கே பிறந்தவர்களைப் போர்த்துகல் தன் குடிமக்களாகவே எண்ணியது. தாத்தாவோ அப்பாவோ அப்படிப் பிறந்தவர் என்று காட்டி, அந்தப் பிறப்பை லிஸ்பனில் பதிந்து, அதன் வழியாகப் பிள்ளைகள் கோருகிறார்கள். சட்டம் அவ்வப்போது மாறும், இன்றைய நிலையைத் தூதரகத்தில்தான் கேட்க வேண்டும். ஆனால் அடிப்படை எப்போதும் இதுதான்: பிறந்த இடமும் பதிவும். பெயர் அல்ல.

இதை எனக்கு யாரும் சொல்லவில்லை. சொல்லியிருந்தாலும் கேட்டிருப்பேனா தெரியாது. ஒரு ஏஜென்ட் என் பெயரைப் பார்த்ததுமே, “பெயரே சாட்சி, தாத்தாவின் ஞானஸ்நானச் சான்று மட்டும் கொண்டு வாங்க” என்றார். பணத்தை இரண்டு தவணையாகக் கொடுத்தேன். அந்த மாதங்களில் வேலை இடத்தில் எல்லாரிடமும் எங்கள் மூதாதை ஒரு போர்த்துகீசிய மாலுமி என்று சொல்லிக்கொண்டு திரிந்தேன். பணம் போனதைவிட இதை நினைத்தால்தான் இன்றும் கூசுகிறது.

சான்று வாங்க ஊருக்குப் போனேன். அப்பா தோணியில் தண்டலாக இருந்தவர். தூத்துக்குடியிலிருந்து கொழும்புக்கும் மாலத்தீவுக்கும் சரக்குத் தோணி ஓட்டியவர். விஷயத்தைச் சொன்னேன். கோபப்படவில்லை. கொஞ்ச நேரம் என்னையே பார்த்தார். “உங்க தாத்தா கப்பல்ல வந்தவரு இல்லலே. கடல்ல முங்குனவரு” என்றார். பிறகு விரல் விட்டு எண்ண ஆரம்பித்தார். தாத்தா, தாத்தாவின் அப்பா, அவருடைய அப்பா என்று ஆறு தலைமுறை. யார் முத்துக்குளித்தார், யார் சங்கு குளித்தார், யார் எந்தப் பாரில் (சிப்பி விளையும் கடலடித் திட்டு) மூச்சு முட்டி இறந்தார் என்று ஒவ்வொருவருக்கும் ஒரு செய்தி இருந்தது. பெயர்கள் எல்லாம் சந்தியாகு, அந்தோணி, மிக்கேல் என்றுதான் இருந்தன. ஆட்கள் எல்லாம் இந்தக் கரையில் பிறந்தவர்கள்.

அப்படியானால் பெயர் எப்படி வந்தது? எங்கள் கரையில் பிறந்த பலருக்கே இது சரியாகத் தெரியாது.

1530களில் முத்துக்குளித்துறை என்று பெயர்பெற்ற எங்கள் கரையில் பரதவர்கள், அதாவது எங்கள் கடல் தொழில் சமூகத்தார், கடும் நெருக்கடியில் இருந்தார்கள். முத்துச் சலாபத்தில், அதாவது முத்துக்குளிப்பில், யாருக்கு உரிமை என்பதில் காயல் வணிகர்களோடு மோதல் முற்றியிருந்தது. (இதை இன்றைய காயல்பட்டினத்து மக்கள் மீதான வெறுப்பாக யாரும் வாசிக்க வேண்டாம். அவர்கள் தங்கள் தொழிலைக் காத்தார்கள், நாங்கள் எங்கள் தொழிலைக் காத்தோம்.) அப்போது கள்ளிக்கோட்டையைச் சேர்ந்த ஜோவாவ் த குரூஸ் என்ற குதிரை வணிகர் குறுக்கே வந்தார். கள்ளிக்கோட்டை அரசரான சாமூத்திரி அவரை லிஸ்பனுக்கு அனுப்ப, அங்கே ஞானஸ்நானம் பெற்றுத் திரும்பியவர் அவர். கடலில் பலமுள்ளவன் இப்போது போர்த்துகீசியன், கொச்சிக்குப் போய் அவனிடம் பாதுகாப்புக் கேளுங்கள் என்று எங்கள் ஊர்த் தலைவர்களான பட்டங்கட்டிகளுக்கு யோசனை சொன்னார். போனார்கள். பாதுகாப்பு கிடைத்தது, ஞானஸ்நானமும் அதோடு வந்தது. சில ஆண்டுகளுக்குள் சுமார் 20,000 பேர் மதம் மாறினார்கள். 1538இல் ராமேசுவரத்துக்குப் பக்கத்தில் வேதாளையில் போர்த்துகீசியத் தளபதி மார்ட்டிம் அபோன்சோ த சோசாவின் படை கள்ளிக்கோட்டைக் கப்பல் கூட்டத்தை முறியடித்ததும் கடலின் கணக்கே மாறிப்போனது.

ஞானஸ்நானம் என்றால் ஞானத்தகப்பன், அதாவது சாட்சியாகப் பக்கத்தில் நிற்பவர், வேண்டும். ஞானத்தகப்பனாக நின்ற போர்த்துகீசியனின் பெயர் ஞானஸ்நானம் பெற்றவனுக்கு வந்தது. அப்படித்தான் பர்னாந்து, ரொட்ரிகோ, வாஸ், மோத்தா, கோமஸ் எல்லாம் எங்கள் தெருக்களுக்கு வந்தன. இன்னொன்றையும் கவனியுங்கள். போர்த்துகலில் பெர்னாண்டோ என்பது பெரும்பாலும் ஆளின் பெயர். குடும்பப் பெயராக வருவது பெர்னாண்டஸ், அதாவது பெர்னாண்டோவின் மகன். பெர்னாண்டோவையே குடும்பப் பெயராகப் பரவலாக வைத்திருப்பது இந்தப் பக்கத்தில் எங்கள் கரையும் இலங்கையும்தான். உங்கள் பெயரே நீங்கள் லிஸ்பன்காரராக இருக்க வாய்ப்புக் குறைவு என்று சொல்லிவிடுகிறது.

சன்னல், சாவி, மேசை, அலமாரி, ஏலம், பொத்தான் எல்லாம் போர்த்துகீசியம் வழியாக வந்த சொற்கள். வீட்டில் சாவி வைத்திருக்கிற எல்லாருக்கும் போர்த்துகீசிய ரத்தம் என்று யாரும் சொல்வதில்லை. பெயர் விஷயத்தில் மட்டும் ஏன் சொல்ல வேண்டும்?

ரத்த உறவு உள்ள சமூகங்கள் இல்லாமல் இல்லை. 16ஆம் நூற்றாண்டில் போர்த்துகலின் மொத்த மக்கள்தொகையே பத்துப் பதினைந்து லட்சம்தான். மொசாம்பிக்கிலிருந்து மக்காவ் வரை கோட்டை கட்டிவிட்டு, உள்ளே நிறுத்த ஆள் எங்கே? அதனால்தான் 1510இல் கோவாவைப் பிடித்த போர்த்துகீசிய ஆளுநர் அல்புகெர்க்கி, தன் சிப்பாய்கள் உள்ளூர்ப் பெண்களை மணந்து அங்கேயே குடியேறுவதை ஊக்குவித்தார். அடுத்த ஆண்டு பிடித்த மலாக்காவிலும் அந்த வழிதான். மலாக்காவை 1641இல் டச்சுக்காரர்கள் பறித்துக்கொண்ட பிறகும் அந்தக் கலப்புக் குடும்பங்கள் அங்கேயே தங்கின. அவர்களுடைய போர்த்துகீசியக் கலப்பு மொழியான கிறிஸ்தாங் மீன்பிடிக் குடியிருப்பில் இன்றும் கொஞ்சம் கேட்கிறது. மட்டக்களப்புப் பறங்கியர் அப்படித்தான். போர்த்துகீசியர் அங்கே 1628இல் கோட்டை கட்டி, பத்தே ஆண்டில் டச்சுக்காரர்களிடம் இழந்தார்கள். ஆனால் அவர்கள் விட்டுப்போன மொழியைத் தச்சரும் கொல்லருமாக இருந்த அந்தக் குடும்பங்கள் முந்நூறு ஆண்டுக்கு மேல் வீட்டில் பேசின. மகாராஷ்டிரத்தில் கோர்லாய் என்று ஒரு சின்ன ஊர் இருக்கிறது. 1740இல் போர்த்துகீசியர் போன பிறகு தனியாக விடப்பட்ட ஊர், இன்னும் போர்த்துகீசியக் கலப்பு மொழி பேசுகிறது. எங்கள் மக்களிடம் அப்படி ஒரு மொழி நிலைக்கவே இல்லை. வீட்டிலும் கடலிலும் தமிழ்தான். போர்த்துகீசியர் சிலர்தான் இருந்தார்கள், ஊர் முழுக்க நாங்கள் இருந்தோம்.

“பாதுகாப்புக்காகத்தானே மாறினீர்கள், ஆதாயத்துக்காக மாறியவர்கள்தானே” என்று இதன் கீழே எழுத யாராவது வருவார்கள். எழுதுவதற்கு முன் 1658ஐப் பாருங்கள். அந்த ஆண்டு டச்சுக்காரர்கள் தூத்துக்குடியைப் பிடித்தார்கள். கடலும் வணிகமும் அவர்கள் கைக்குப் போயின. அவர்கள் புராட்டஸ்டன்ட்டுகள், கத்தோலிக்கம் அவர்களுக்கு ஆகாது. பால்டேயஸ் என்ற அவர்களுடைய போதகர் நேரில் வந்து எங்கள் மக்களைத் தன் பக்கம் இழுக்கப் பார்த்தார். முடியவில்லை. ஆதாயம்தான் குறி என்றால் அன்றைக்கே மாறியிருக்க வேண்டாமா?

மறுபக்கத்தில் எங்கள் ஆட்களே சிலர், பிரான்சிஸ் சவேரியார் என்ற புனிதர் வந்ததால் நடந்த புதுமையை (அற்புதத்தை) வியாபார ஒப்பந்தம் ஆக்குகிறாயே என்று வருத்தப்படுவார்கள். ஆகஸ்ட் 5 பனிமய மாதா திருநாளுக்கு எங்கிருந்தாலும் ஊர் வந்து சேருகிறவன் நான். சவேரியார் 1542இல்தான் இந்தக் கரைக்கு வந்தார், ஞானஸ்நானம் அதற்கு முன்பே நடந்துவிட்டது. வந்தவர் கண்டது பெயரளவில் கிறிஸ்தவர்களாக இருந்த மக்களை. ஜெபங்களைத் தமிழில் மாற்றி ஊர் ஊராக நடந்து சொல்லிக்கொடுத்தார். தூத்துக்குடியில் இருந்த போர்த்துகீசிய கேப்டனின் அட்டூழியத்தைக் கடிதங்களில் கொதித்து எழுதியவரும் அவரே. இந்தக் கரையிலிருந்து ஆண்டுக்கு 4,000 பணம் (அந்தக் கால நாணயம்) போர்த்துகல் அரசிக்குச் செருப்பு வாங்கும் செலவுக்கென்று போய்க்கொண்டிருந்தது. அதை வேதியர்களின், அதாவது ஊர்களில் ஜெபம் சொல்லிக்கொடுப்பவர்களின், சம்பளத்துக்குக் கேட்டு வாங்கினார் சவேரியார். மூச்சை அடக்கிக் கடலடியில் சிப்பி பொறுக்கியவனின் உழைப்பு எங்கோ ஒரு அரண்மனைக்குச் செருப்பாகப் போயிருக்கிறது. பாதுகாப்புக்கு நாங்கள் கொடுத்த விலை இது. அப்படிப்பட்டவர்களை நம் முன்னோர் என்று நான் சொல்லிக்கொண்டு திரிந்தேனே என்பதுதான் என் வேதனை.

பெருமைக்கு வேறு இடம் இருக்கிறது. ஐம்பது ஆண்டுக்கு மேல் இந்தக் கரையில் வாழ்ந்து 1600இல் புன்னைக்காயலில் இறந்த ஹென்றிக்கே ஹென்றிக்கஸ் பாதிரியார், எங்கள் மக்கள் பேசிய தமிழைக் கற்று, அதற்குப் போர்த்துகீசிய மொழியில் இலக்கணம் எழுதினார். 1578 அக்டோபர் 20இல் கொல்லத்தில் அச்சான ‘தம்பிரான் வணக்கம்’ என்ற கிறிஸ்தவ மறைநூல் அவர் மொழிபெயர்த்தது. 16 பக்கம். இந்திய மொழி ஒன்றில் அதன் சொந்த எழுத்தில் அச்சான முதல் புத்தகம் அதுதான். அந்த அச்சு வேலைக்குப் பரதவர்கள் பணம் திரட்டிக் கொடுத்தார்கள். முத்துக்குளித்த காசு. தமிழ் அச்சின் வரலாறு பேசுகிறவர்கள் பாதிரியார் பெயரைச் சொல்கிறார்கள், காசு கொடுத்தவர்களை ஒரு வரியில்கூடச் சொல்வதில்லை.

காகிதம் என்று வந்துவிட்டதால் இதையும் சொல்லிவிடுகிறேன், கேள்விக்குச் சம்பந்தமில்லைதான். அப்பா 31 வருஷம் தோணி ஓட்டினார். திசைகாட்டியும் நட்சத்திரமும் வைத்துக்கொண்டு, காற்றுக் காலத்தில் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு ஓட்டினார். அவர் வேலை பார்த்ததற்கு ஒரு துண்டுச் சீட்டு இல்லை. ஓய்வுக்குப் பிறகு உதவித்தொகைக்கு எழுதிப் போட்டபோது பணிச் சான்று கேட்டார்கள். முதலாளி வீட்டுக்கு நாலு முறை நடந்தார். “அப்பல்லாம் கணக்கு யாரு வச்சா?” என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். ஆறு மாதப் படிப்பு முடித்த நான் சட்டைப்பையில் மூன்று சான்றிதழ் வைத்திருக்கிறேன், நடுக்கடலில் இறக்கிவிட்டால் எனக்குக் கரை எந்தப் பக்கம் என்று தெரியாது. அவருக்குத் தெரியும். அவர் கையில் ஒன்றும் இல்லை. இது எனக்கு ஆறவே ஆறாது.

என் ஏஜென்ட் பிறகு போனை எடுக்கவில்லை. அலுவலகம் இருந்த இடத்தில் வேறு கடை. புகார் கொடுக்கவும் வெட்கமாக இருந்தது, அது தவறு, நீங்கள் அப்படி இருக்காதீர்கள்.

தாத்தாவின் சான்றை மட்டும் அன்றைக்கு வாங்கிவிட்டேன். பங்குச் சாமியார் பழைய பதிவேட்டைத் திறந்து லத்தீனில் இருந்த வரியை விரல் வைத்து வாசித்துக் காட்டினார். குழந்தையின் பெயர், அப்பா, அம்மா, பிறகு ஞானத்தகப்பன். ஞானத்தகப்பன் இடத்தில் ஒரு மோத்தா இருந்தார். பக்கத்துத் தெரு, தாத்தாவோடு ஒரே வள்ளத்தில் முத்துக்குளிக்கப் போனவரின் அப்பா என்று எங்கள் அப்பா சொன்னார். எங்கள் கடலில் கடைசி முத்துக்குளிப்பு 1961இல், கோவா போர்த்துகலின் கையைவிட்டுப் போன அதே வருஷம். தாத்தா அதிலும் முங்கியிருக்கிறார்.

உங்கள் பங்கிலும் அந்தப் பதிவேடு இருக்கும். தாத்தாவின் பெயரும் பிறந்த வருஷமும் சொன்னால் தேடித் தருவார்கள். எந்த ஊர், ஞானத்தகப்பன் யார் என்று பார்த்து எனக்கு எழுதுங்கள். அப்பாவுக்கு எண்பது தாண்டிவிட்டது, ஆனால் மணப்பாட்டிலிருந்து வேம்பாறு வரை எந்த வீட்டுக்கு யார் சொந்தம் என்று இன்னும் சொல்வார். கேட்டுச் சொல்கிறேன்.