அடிக்கடி அணி மாறும் பேஸ்பால் வீரர் திறமையில்லாதவரா?

அப்படி இல்லை. கனடாக்காரர் மேட் ஸ்டேர்ஸைப் பாருங்கள்: 1992 முதல் 2011 வரை 13 அணிகளின் சட்டையைப் போட்டவர், நடுவில் ஜப்பானிலும் ஆடினார். 1999-இல் ஓக்லாந்து அணிக்காக 38 ஹோம் ரன் (கிரிக்கெட் சிக்ஸர் மாதிரி, பந்தை எல்லைக்கு வெளியே அடிப்பது)! ஆனால் மைதானத்தின் தூரப் பகுதியான அவுட்ஃபீல்டில் பந்தைப் பிடிக்க ஓடும் ஓட்டம் மெதுவு, வயதும் ஏறியது, அதனால் பிற்காலத்தில் வலது கை பந்துவீச்சாளரை அடிக்க ஓர் இடது கை மட்டையாளர் தேவைப்பட்ட அணிகள்தான் அவரைக் கூப்பிட்டன. அப்புறம் 2008 அக்டோபரில், ஃபிலடெல்பியா அணிக்கு வந்து இரண்டு மாதம்கூட ஆகாதபோது, லாஸ் ஏஞ்சல்ஸ் அணியான டாட்ஜர்ஸுக்கு எதிராக எட்டாவது இன்னிங்ஸில் மாற்று மட்டையாளராக இறங்கி, பந்தைக் கூட்டத்துக்குள் அனுப்பி ஆட்டத்தையே திருப்பினார். அந்த ஆண்டுக் கோப்பையும் அந்த அணிக்கே. இப்படி மாற்றாக இறங்கி அடித்த ஹோம் ரன்கள் மொத்தம் 23, அது அமெரிக்க மேஜர் லீக் சாதனை.