கூட்டம் முடிந்தது, கேள்வி முடியவில்லை

கேள்வி: எங்கள் சங்கக் கூட்டத்துக்குப் போலீஸ் அனுமதி மறுத்தது. முதல் நாள் மாலை உயர் நீதிமன்றத்தில் இடைக்கால உத்தரவு வாங்கி நடத்திவிட்டோம். அப்புறம், 'கூட்டம் முடிந்துவிட்டது, இனி விசாரிக்க ஒன்றுமில்லை' என்று மனுவை முடித்துவைத்தார்கள். எங்களுக்குத் திருப்திதான். ஆனால் சிலர் இதைக் குறை சொல்கிறார்களே?

பதில்: நானும் குறைதான் சொல்வேன். உங்களுக்குக் கூட்டம் நடந்தது, சரி. அனுமதி மறுத்தது சட்டப்படி சரியா, தவறா? அதற்குப் பதிலே வரவில்லையே! அடுத்த மாதம் இன்னொரு சங்கம் மனு கொடுத்தால், அதே காரணத்தை எழுதி அதே அதிகாரி மறுக்கலாம். எடுத்துக்காட்ட அவர்கள் கையில் ஒரு தீர்ப்பும் இருக்காது. வக்கீல் வைக்க வசதி உள்ளவர்கள் மறுபடி நீதிமன்றம் போவார்கள். இல்லாதவர்கள் கூட்டத்தையே கைவிடுவார்கள்.

இடைக்கால உத்தரவே கூடாது என்று சொல்லவில்லை. நாளைக்குக் கூட்டம் என்றால் இன்றைக்கே உத்தரவு வேண்டும். 2004இல் தேவ்ராஜ் வழக்கில் உச்ச நீதிமன்றமே இதை ஏற்றது. இடைக்கால நிவாரணத்தை மறுப்பதே மனுவைத் தள்ளுபடி செய்வதற்குச் சமம் என்ற நிலை வந்தால், கடைசியில் தர வேண்டியதை முதலிலேயே தரலாம். ஆனால் அரிதாகத்தான் தர வேண்டும், மனுதாரர் பக்கம் மிக வலுவாக இருக்க வேண்டும் என்றும் சொன்னது.

அந்த எச்சரிக்கைக்குக் காரணம் உண்டு. தகுதியில்லை என்று நிறுத்தப்பட்ட ஒரு மாணவர் இடைக்கால உத்தரவோடு தேர்வு எழுதுகிறார் என்று வையுங்கள். வழக்கு விசாரணைக்கு வருவதற்குள் படிப்பே முடிந்திருக்கும். 'இனி அதைக் கலைக்க வேண்டாம்' என்று விட்டுவிட்டால், அதே விதிக்குக் கட்டுப்பட்டு ஒதுங்கிய மாணவருக்கு யார் பதில் சொல்வது?

நிகழ்ச்சி முடிந்தால் தீர்ப்பு எழுதக் கூடாது என்று ஒன்றும் இல்லை. குடியுரிமைத் திருத்தச் சட்டத்தை எதிர்த்து டெல்லி ஷாஹீன் பாக்கில் சாலையை மறித்து உட்கார்ந்திருந்த போராட்டக்காரர்கள் 2020 மார்ச்சிலேயே அகற்றப்பட்டு, சாலை திறந்துவிட்டது. இருந்தும் அந்த அக்டோபரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது: பொதுச் சாலையைக் காலவரையின்றி அடைத்துப் போராடக் கூடாது. அந்தத் தீர்ப்போடு நீங்கள் மாறுபடலாம். ஆனால் சட்டம் என்ன சொல்கிறது என்று இரண்டு தரப்புக்கும் தெரிந்தது.

அடுத்த முறை போகும்போது கூட்டத்துக்கு அனுமதி மட்டும் கேட்காதீர்கள். மறுப்பு ஆணையை ரத்து செய்யவும் கேளுங்கள். கூட்டம் முடிந்த பிறகும், 'அந்த ஆணை செல்லுமா என்று சொல்லுங்கள்' என உங்கள் வக்கீல் நீதிபதியிடம் வற்புறுத்தட்டும்.