யானை வெடிச் சத்தத்துக்கு அலறி எழும் கணவர்

கேள்வி: பேரணாம்பட்டுக்கு அந்தப் பக்கம், ஆந்திர எல்லையை ஒட்டிய கிராமம் எங்களுடையது. கணவர் 17 வருட ராணுவ சர்வீஸ் முடித்து, ஹவில்தாராக ஓய்வு பெற்று 3 வருடம் ஆகிறது. காஷ்மீரில் கண்ணிவெடியில் கூட இருந்த இரண்டு பேர் இறந்தார்கள். அதைப் பற்றி வாயே திறக்கமாட்டார். இங்கே ராத்திரியில் யானை விரட்ட வெடி போட்டால் கட்டிலிலிருந்து உருண்டு தரையோடு தரையாகப் படுத்துக்கொள்கிறார். போன மாதம் தொட்டு எழுப்பிய என் கழுத்தைப் பிடித்துவிட்டார். தலையணைக்கு அடியில் அரிவாள். தூங்குவதற்குக் கேன்டீன் ரம், போதாததற்கு மெடிக்கல் ஷாப் மாத்திரை. காத்துக் கருப்பு என்கிறார் மாமியார். மனநல டாக்டரைப் பார்த்தால் பென்ஷன் போய்விடும் என்கிறார் இவர். என்ன செய்வது?

பதில்: அன்புச் சகோதரிக்கு, இன்று ராத்திரிக்கே வேண்டியதை முதலில் சொல்லிவிடுகிறோம். அவரை இனித் தொட்டு எழுப்பாதீர்கள். கால்மாட்டுப் பக்கம், கை எட்டாத தூரத்தில் நின்று விளக்கைப் போடுங்கள். "என்னங்க, நான்தான். இது நம்ம வீடு. மணி ரெண்டு. யானைக்கு வெடி போடுறாங்க" என்று சாதாரணக் குரலில், அவர் பதில் சொல்லும்வரை திரும்பத் திரும்பச் சொல்லுங்கள். கண் திறந்திருந்தாலும் அந்த நிமிடம் அவர் காஷ்மீரில்தான் இருப்பார். கழுத்தைப் பிடித்தது உங்கள் மேல் உள்ள கோபத்தால் அல்ல. என்றாலும் ஆபத்து ஆபத்துதான். சிகிச்சை பிடிபடும்வரை தனிக் கட்டிலில் படுங்கள், பிள்ளைகள் இருந்தால் வேறு அறையில் படுக்கட்டும். பகலில் அவரிடம் சொல்லிவிட்டே அரிவாளை வேறு வீட்டில் வையுங்கள். லைசென்ஸ் துப்பாக்கி இருந்தால் காவல் நிலையத்தில் ஒப்படைத்து ரசீது வாங்கலாம்.

ரம்மும் தூக்க மாத்திரையும் சேர்ந்தால் மூச்சு மந்தமாகும். சில ராத்திரி நின்றேவிடவும் கூடும். அதற்காக இரண்டையும் ஒரே நாளில் பிடுங்கிவிடவும் கூடாது. தினமும் குடிப்பவர் சட்டென நிறுத்தினால் ஒரு நாளுக்குள் கைநடுக்கம், வியர்வை வரும். இரண்டு மூன்று நாளுக்குள் வலிப்போ குழப்பமோ வரலாம். படிப்படியாகக் குறைப்பது டாக்டர் கண்காணிப்பில் நடக்கவேண்டிய வேலை. அவர் எண்ணுவதுபோல ரம் தூக்கத்தைத் தருவதில்லை. முன்னிரவில் அமுக்கிவைத்த கனவுகளைப் பின்னிரவில் மொத்தமாக அவிழ்த்துவிடுகிறது. இரண்டு மூன்று மணிக்கே அவர் அதிகம் அலறுகிறாரா என்று கவனியுங்கள்.

நீங்கள் எழுதியிருப்பதைப் பார்த்தால் பி.டி.எஸ்.டி. என்கிற அதிர்ச்சிக்குப் பிந்தைய மனப் பாதிப்பாகத் தெரிகிறது. உறுதி செய்ய வேண்டியது மனநல மருத்துவர். சம்பவம் கண்முன்னே திரும்ப வருவது, அதை நினைவூட்டும் எதையும் ஒதுக்குவது, மனம் மரத்துப்போவது, எந்நேரமும் காவல் நிற்கும் உடம்பு, இந்த நான்கும் ஒரு மாதத்துக்கு மேல் நீடித்தால் அந்தப் பெயர். சர்வீஸில் இருந்தவரை நன்றாகத்தானே இருந்தார் என்று தோன்றும். அங்கே நாள் முழுக்க வேலை, பக்கத்திலேயே விஷயம் புரிந்த தோழர்கள். வீடு திரும்பியதும் இரண்டும் போய்விட, மூடிவைத்தது மேலே வருகிறது. பலருக்கு ஓய்வுக்குப் பிறகே முழுதாகத் தெரியும்.

பென்ஷன் பயத்துக்கு ஆதாரம் இல்லை. சர்வீஸ் பென்ஷன் அவர் உழைத்து முடித்த காலத்துக்கானது. சிகிச்சை எடுத்ததற்காக யாரும் பிடுங்க முடியாது. டிஸ்சார்ஜ் புத்தகத்தையும் வெளியேறும்போது நடந்த மெடிக்கல் போர்டு தாள்களையும் எடுத்துக்கொண்டு மாவட்ட முன்னாள் படைவீரர் நல அலுவலகம் போங்கள். இது சர்வீஸால் வந்த பாதிப்பு என்று கோர வழி உண்டா என்று அங்கே கேட்கலாம்.

சிகிச்சைக்கு: இ.சி.எச்.எஸ். என்கிற முன்னாள் படைவீரர் மருத்துவத் திட்டக் கார்டு இருந்தால் வேலூர் பாலிகிளினிக்கில் மனநல மருத்துவருக்குப் பரிந்துரைச் சீட்டு கேளுங்கள். இல்லாவிட்டால் அடுக்கம்பாறை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை, அல்லது பாகாயத்தில் சி.எம்.சி.யின் மனநல மையம். போவதற்கு முன் இரண்டு வாரம் ஒரு நோட்டில் எழுதுங்கள்: படுத்த நேரம், விழித்த நேரம், என்ன நடந்தது, எத்தனை பெக், எந்த மாத்திரை. பத்து நிமிடத்தில் டாக்டரிடம் சொல்லித் தீராததை அந்த நோட்டு சொல்லும். வெடிப்புக்கு அருகில் இருந்தவர் என்பதால் காதையும் தலையையும் பரிசோதிக்கச் சொல்லுங்கள். காது இரைச்சல், தலைவலி, மறதி அந்த வழியிலும் வரும்.

செர்ட்ராலின் போன்ற மாத்திரையை 25 அல்லது 50 மில்லிகிராமில் தொடங்குவார்கள். பலன் தெரிய 4 முதல் 6 வாரம் ஆகும். பத்தாம் நாள் "ஒண்ணும் கேட்கலை" என்று நிறுத்துவதுதான் வழக்கமாக நடக்கும் தவறு. ஆனால் நோயின் வேரைத் தொடுவது அந்தச் சம்பவத்தை நேருக்கு நேர் பேசவைக்கும் சிகிச்சை. வாரம் ஒருமுறை, சுமார் 90 நிமிடம், 8 முதல் 15 அமர்வு. முதல் சில வாரங்களில் கனவுகள் கூடலாம். பாதியில் ஓடுவது அங்கேதான், அந்த வாரங்களில் கூடவே போங்கள். பட்டாளத்தில் நடந்தது அவர் நினைவில் இந்தியிலேயே பதிந்திருக்கலாம். தமிழில் வராத இடத்தில் இந்தியில் சொல்லட்டும் என்று முன்கூட்டியே சொல்லிவையுங்கள். வீட்டில் நீங்கள் உட்காரவைத்து "சொல்லு, சொல்லு" என்று தோண்டாதீர்கள். பயிற்சி பெற்றவர் இல்லாமல் அதைக் கிளறினால் புண் பெரிதாகும்.

மாமியாரோடு சண்டை வேண்டாம். தாயத்து கட்டினால் கட்டட்டும், மாத்திரையும் மருத்துவமனையும் நிற்காமல் இருந்தால் போதும்.

வெடிக்கு ஒரு வழி இருக்கிறது. வனத்துறைக் காவலர்களிடமும் யானை விரட்டும் ஊர்ப் பையன்களிடமும் பேசி, வெடி போடுவதற்கு ஐந்து நிமிடம் முன் உங்கள் போனுக்கு ஒரு மிஸ்டு கால் கொடுக்கச் சொல்லுங்கள். எதிர்பார்த்த சத்தம் எதிர்பாராத சத்தத்தில் பாதிகூட உலுக்காது. எழுந்து உட்கார்ந்து, நான்கு எண்ணி மூச்சை இழுத்து ஆறு எண்ணி விடட்டும். வைகாசியில் குடியாத்தம் கெங்கையம்மன் சிரசுத் திருவிழா வாணவேடிக்கைக்குப் பழகட்டும் என்று யாராவது இழுத்துப்போனால் தடுத்துவிடுங்கள். அவர் எப்போது, எவ்வளவு தூரத்தில் நிற்கலாம் என்பதைச் சிகிச்சை தருபவரும் அவரும் சேர்ந்து முடிவு செய்யட்டும்.

"அவங்களோட நானும் போயிருக்கணும்" என்று சொன்னாலோ, திடீரெனக் கணக்கு வழக்கை உங்களிடம் ஒப்படைத்தாலோ தனியாக விடாதீர்கள். 14416 என்பது டெலி-மானஸ் என்கிற அரசு மனநல உதவி எண், 24 மணி நேரமும் இலவசம், தமிழில் பேசலாம். அவர் பேச மறுத்தாலும் நீங்கள் கூப்பிடலாம்.