குரோனிக் என்று எழுதிவிட்டார்கள்

வணக்கம் ஐயா,

என் அப்பாவுக்கு வயது 67. பண்ருட்டிப் பக்கம் முந்திரித்தோப்பு வேலை. எட்டு வருஷமாகச் சர்க்கரைக்கும் பிரஷருக்கும் மாத்திரை சாப்பிடுகிறார். போன மே மாதம் கத்திரி வெயிலில் வாந்தியும் வயிற்றுப்போக்குமாக இரண்டு நாள் கிடந்தார். அதற்கு முன் ஒரு வாரமாக முட்டி வலிக்கு மெடிக்கலில் வாங்கிய டைக்ளோஃபெனாக் போட்டுக்கொண்டிருந்தார். ஆஸ்பத்திரியில் சேர்த்தபோது ரத்தத்தில் கிரியேட்டினின் என்ற கழிவு 2.6. டிரிப்ஸ் ஏற்றி ஐந்தாம் நாள் வீட்டுக்கு அனுப்பும்போது 1.9. ஸ்கேனில் கிட்னி ஒன்று 9.8, இன்னொன்று 10.1 சென்டிமீட்டர். டிஸ்சார்ஜ் சம்மரியில் ‘குரோனிக் கிட்னி டிசீஸ், ஸ்டேஜ் 4’ என்று எழுதியிருக்கிறார்கள்.

குரோனிக் என்றால் முற்றிவிட்டது, இனி டயாலிசிஸ்தான் என்கிறார் மாமா. எதிர்வீட்டுக்காரருக்கு ‘அக்யூட்’ என்று போட்டிருந்தது. நாலு தடவை டயாலிசிஸ் செய்து இப்போது நன்றாக நடமாடுகிறார். அப்படியானால் அக்யூட்தான் லேசானதா? இந்தச் சொற்களுக்குத் தமிழில் என்ன சொல்வது? இளநீர் கொடுக்கலாமா? கிட்னியைச் சுத்தம் செய்யும் மூலிகை சூரணம் என்று ஒருவர் தருகிறார், கொடுக்கலாமா? பழைய டெஸ்ட் ரிப்போர்ட் இருக்கிறதா என்று டாக்டர் கேட்டார். வீட்டில் அடைசல் என்று பழைய ஃபைலை எல்லாம் போகிக்குப் போட்டு எரித்துவிட்டோம்.

பெயர் வெளியிட வேண்டாம்.
திருப்பாதிரிப்புலியூர்.

அன்புள்ள சகோதரிக்கு,

இந்த ஒரு சொல்லைப் பற்றித்தான் சில நாட்களாக யோசித்துக்கொண்டிருந்தேன், உங்கள் கடிதம் வந்தது. டிஸ்சார்ஜ் காகிதத்தில் நோயின் பெயர் பயமுறுத்துவதைவிட, பெயருக்கு முன்னால் நிற்கும் அடைமொழி அதிகமாகப் பயமுறுத்துகிறது. அதை வீட்டில் யாரோ ஒருவர் தீர்ப்பாகப் படித்துச் சொல்லிவிடுகிறார்.

குரோனிக் என்பது காலத்தைச் சொல்லும் சொல். நோய் எவ்வளவு கடுமை என்பதை அது சொல்வதில்லை, எங்கே போய் முடியும் என்பதையும் சொல்வதில்லை. சிறுநீரகத்தைப் பொறுத்தவரை கணக்கு இதுதான்: வடிகட்டும் திறன், அதாவது இ-ஜி-எஃப்-ஆர், 60-க்குக் கீழே இருக்க வேண்டும், அல்லது சிறுநீரில் ஆல்புமின் என்ற புரதம் கசிவது போன்ற சேதத்தின் அடையாளம் இருக்க வேண்டும். இரண்டில் எதுவானாலும் மூன்று மாதத்துக்கு மேல் நீடிக்க வேண்டும். திறன் 85 உள்ள ஒருவருக்கு ஆல்புமின் மட்டும் மூன்று மாதத்துக்கு மேல் கசிந்தால் அவருக்கும் ‘குரோனிக்’தான். அவர் தினமும் சைக்கிளில் தோப்புக்குப் போய் வந்துகொண்டிருப்பார். கடுமையைச் சொல்வதற்கு ஸ்டேஜ் என்ற வேறு அளவுகோல் இருக்கிறது: 45 முதல் 59 வரை 3ஏ, 30 முதல் 44 வரை 3பி, 15 முதல் 29 வரை 4, 15-க்குக் கீழே 5.

அக்யூட் என்றால் லேசானது என்பதும் தவறு, கடுமையானது என்பதும் தவறு. திடீரென்று வந்தது, அவ்வளவுதான். கிரியேட்டினின் 48 மணி நேரத்துக்குள் 0.3 ஏறினாலே, அல்லது ஏழு நாளுக்குள் முன்பிருந்ததைப் போல ஒன்றரை மடங்கு ஆனாலே அது அக்யூட். 0.8 இருந்தது 1.2 ஆனதும் அக்யூட். ஒரு சொட்டுச் சிறுநீர்கூட வராமல் டயாலிசிஸ் மெஷினில் படுத்திருப்பதும் அக்யூட். எதிர்வீட்டுக்காரருக்கு டயாலிசிஸ் தேவைப்படும் அளவுக்குக் கடுமையாக இருந்து, பிறகு மீண்டிருக்கிறது. அதை வைத்து அப்பாவுக்கு ஜோசியம் பார்க்காதீர்கள்.

தமிழில் என்ன சொல்வது என்று கேட்டிருக்கிறீர்கள். ‘நாள்பட்ட’, ‘திடீர்’ போதும். பத்திரிகைகள் அக்யூட்டுக்குத் ‘தீவிர’ என்று எழுதுவது படிப்பவரை ஏமாற்றுகிறது, அதை விட்டுவிடுங்கள்.

இந்தக் கால எல்லை எல்லா நோய்க்கும் ஒன்றல்ல. இருமல் எட்டு வாரம் தாண்டினால் குரோனிக். வயிற்றுப்போக்குக்கு நான்கு வாரம். தோல் தடிப்புக்கு ஆறு வாரம். ஹெபடைட்டிஸ் பி கிருமி ரத்தத்தில் ஆறு மாதம் தங்க வேண்டும். தலையில் அடிபட்டு மூளை உறைக்குக் கீழே தேங்கும் ரத்தம் மூன்று வாரத்திலேயே குரோனிக் ஆகிவிடும். ரத்தப் புற்றுநோயில் இந்தச் சொற்களின் பொருளே இன்று மாறிவிட்டது. அங்கே அணுக்கள் முதிராத இளம் அணுக்களா, ஓரளவு முதிர்ந்தவையா என்பதைத்தான் அக்யூட், குரோனிக் என்று பிரிக்கிறார்கள். ஆகவே ஒரு நோயில் கேள்விப்பட்டதை இன்னொரு நோய்க்குப் பொருத்துவது கூடாது.

இனி முக்கியமான விஷயம். மூன்று மாதம் என்பதை யார் எப்படித் தெரிந்துகொள்வது? டாக்டர் முன்னால் இன்றைய ரத்தம் மட்டும்தான் இருக்கிறது. 2.6 என்ற எண்ணில் அது நேற்று ஏறியதா, நாலு வருஷமாக அங்கேயே இருக்கிறதா என்று எழுதியிருக்காது. அதைச் சொல்லக்கூடியது ஒரு பழைய காகிதம், அதில் ஒரு தேதி, தேதிக்குப் பக்கத்தில் ஒரு கிரியேட்டினின் எண். போன வருஷம் 1.0 என்றால் ஒரு சிகிச்சை, ஒரு எதிர்பார்ப்பு. போன வருஷமே 1.8 என்றால் முற்றிலும் வேறு. அந்த ஒற்றை வரியைத்தான் நீங்கள் போகியில் எரித்திருக்கிறீர்கள். பழைய பாயையும் துடைப்பத்தையும் எரியுங்கள், மருத்துவ ஃபைலை ஏனம்மா எரித்தீர்கள்? ‘தானே’ புயலிலும் 2015 வெள்ளத்திலும் உங்கள் மாவட்டத்தில் எத்தனையோ வீடுகளில் காகிதங்கள் ஊறிப் போயின. அது யார் கையிலும் இல்லை. அடைசல் என்று சொல்லி நாமே கொளுத்துவதை அப்படி விட முடியாது. அதுவும் எட்டு வருஷம் சர்க்கரைக்கும் பிரஷருக்கும் மருந்து சாப்பிடுகிறவரின் ஃபைல்.

பழைய காகிதம் இல்லாதபோது டாக்டர்கள் சூழ்நிலைச் சாட்சிகளைத் தேடுகிறார்கள். ஒவ்வொன்றிலும் ஓட்டை இருக்கிறது. ஸ்கேனில் இரண்டு சிறுநீரகமும் 9 சென்டிமீட்டருக்குக் கீழே சுருங்கி, புறணி என்ற வெளிப்பகுதி மெலிந்திருந்தால் நாள்பட்டது என்று பெரும்பாலும் நம்பலாம். ஆனால் சர்க்கரையால் வரும் சிறுநீரக நோயில் அளவு வெகுகாலம் சுருங்குவதில்லை. அதனால் அப்பாவின் 9.8, 10.1 எந்தப் பக்கமும் சாட்சி சொல்லாது. ஹீமோகுளோபின் குறைவு நாள்பட்ட நோயில் வரும். நம் ஊரில் அது வேறு நூறு காரணங்களாலும் வரும். ஆகவே சாட்சி இல்லாத இடத்தில் ‘குரோனிக்’ என்று எழுதுவது ஊகம். சர்க்கரையும் பிரஷரும் இருப்பதால் நியாயமான ஊகம்தான். ஆனாலும் ஊகம்.

உங்கள் கடிதத்திலேயே எதிர்ச்சாட்சி ஒன்று இருக்கிறது, நீங்கள் கவனிக்கவில்லை. ஐந்தே நாளில் 2.6 இறங்கி 1.9 ஆகியிருக்கிறது. நாள்பட்ட சேதம் ஐந்து நாள் டிரிப்ஸில் இறங்காது. இறங்கிய அந்த 0.7 திடீரென்று ஏறியது. காரணமும் உங்கள் கடிதத்திலேயே இருக்கிறது. வாந்தியும் பேதியும் உடம்பின் நீரை வற்றச் செய்தன. நீர் வற்றும்போது சிறுநீரகம் தன்னுள் வரும் ரத்தக்குழாயை விரித்து வைத்துத் தாக்குப்பிடிக்கும். அதற்கு உதவும் புராஸ்டாகிளாண்டின் என்ற பொருளை டைக்ளோஃபெனாக் தடுத்துவிடும். இரண்டும் ஒரே வாரத்தில் சேர்ந்தன. அடியில் நாள்பட்ட நோயும் இருக்கலாம், அதன்மேல் இது வந்து ஏறியிருக்கலாம். ‘குரோனிக்கின் மேல் அக்யூட்’ என்று மருத்துவர்கள் சொல்வது இதைத்தான். எவ்வளவு பழையது, எவ்வளவு புதியது என்று இன்று யாராலும் பிரித்துச் சொல்ல முடியாது.

ஸ்டேஜ் 4 என்பதும் அப்படித்தான். 67 வயது ஆணுக்கு 2.6-ஐ, வடிகட்டும் திறனைக் கணக்கிடும் 2021-ஆம் ஆண்டின் சூத்திரத்தில் போட்டால் 26 வரும். 1.9-ஐப் போட்டால் 38. இன்னும் இறங்கி 1.4-இல் நின்றால் 55. அதாவது ஒரே மனிதர் 4, 3பி, 3ஏ என்று மூன்று ஸ்டேஜிலும் இருப்பார். கிரியேட்டினின் ஒரு நிலையில் நிற்கும்போதுதான் இந்தச் சூத்திரத்துக்கு அர்த்தம். ஏறி இறங்கிக்கொண்டிருக்கும்போது கணக்குப் போடுவது, தராசு முள் ஆடிக்கொண்டிருக்கையில் எடையைப் படிப்பதற்குச் சமம்.

எரிந்தது போகட்டும். எல்லாம் எரிந்திருக்காது, தேடுங்கள். அப்பா சர்க்கரைக்கு ரத்தம் கொடுத்த லேபில் போன் நம்பரைச் சொல்லிக் கேளுங்கள். கம்ப்யூட்டரில் பதிவு வைத்திருக்கும் லேப் என்றால் பழையதை அச்செடுத்துத் தருவார்கள். எப்போதாவது குடலிறக்கமோ வேறு அறுவையோ செய்திருந்தால் முன்பரிசோதனையில் கிரியேட்டினின் இருக்கும். மருந்து செலுத்தி சி.டி. ஸ்கேன் எடுத்திருந்தால் அதற்கு முன் பார்த்திருப்பார்கள். இன்சூரன்ஸ் போட்டபோது செய்த பரிசோதனையையும் விடாதீர்கள். வளைகுடாவில் வேலை பார்த்திருந்தால் அங்கே எடுத்த ரிப்போர்ட்டும் செல்லும், ஆனால் அலகைப் பாருங்கள்: அங்கே மைக்ரோமோலில் கொடுப்பதுண்டு, 124 என்று இருந்தால் பதறாதீர்கள். 88.4-ஆல் வகுத்தால் நம் கணக்கில் 1.4.

கடலூர்க்காரர்களுக்கு இன்னொரு சிக்கலும் உண்டு. முதல் பரிசோதனை மஞ்சக்குப்பம் அரசு ஆஸ்பத்திரியில் நடக்கும், அடுத்த வாரம் கோரிமேட்டில் ஜிப்மர் வரிசையில் நிற்பீர்கள், நடுவில் புதுச்சேரியில் ஒரு தனியார் லேப். ஒன்று மாநில அரசு, ஒன்று மத்திய அரசு, ஒன்று தனியார். நோயாளி எல்லை தாண்டிப் போகிறார் என்பதற்காக அவருடைய எண்களும் தானாகத் தாண்டிப் போய்விடாது. காகிதத்தை நீங்கள்தான் சுமக்க வேண்டும். நாற்பது பக்கம் உள்ள நோட்டு ஒன்று வாங்குங்கள். ஒரு வரிக்குத் தேதி, லேப், கிரியேட்டினின், பொட்டாசியம், சிறுநீர் ஆல்புமின், ரத்த அழுத்தம், அன்று சாப்பிட்டுக்கொண்டிருந்த மாத்திரைகள். ரிப்போர்ட்டை போனில் படம் பிடித்து வீட்டில் இன்னொருவருக்கும் அனுப்பி வையுங்கள். ஈ.சி.ஜி. போன்ற வெப்பத்தாளை லேமினேட் செய்யாதீர்கள், சூடு பட்டு முழுதும் கறுத்துவிடும். நகல் எடுத்து அதை வையுங்கள்.

அடுத்த பரிசோதனையை இந்த வாரமே செய்யுங்கள், காத்திருக்க வேண்டாம். பிறகு ஆகஸ்ட் கடைசியில், மே மாதத்திலிருந்து மூன்று மாதம் முடிந்ததும், ஒன்று. முடிந்தவரை ஒரே லேப். முந்தின இரவு கறிச்சாப்பாடு வேண்டாம். வெந்த இறைச்சி சில மணி நேரத்துக்குக் கிரியேட்டினினை ஏற்றிக் காட்டும். முதல் நாள் தோப்பில் வெயில் வேலையும் வேண்டாம். டிரைமெத்தோபிரிம் சேர்ந்த ஆன்டிபயாடிக் சாப்பிட்டுக்கொண்டிருந்தால் டாக்டரிடம் சொல்லுங்கள். அது சிறுநீரகத்தைக் கெடுக்காமலேயே எண்ணை உயர்த்தும். ரத்தத்தோடு காலையின் முதல் சிறுநீரில் ஆல்புமின்-கிரியேட்டினின் விகிதமும் கேளுங்கள். 30-க்கு மேல் என்றால் கசிவு. காய்ச்சலோ நீர்க்கடுப்போ இருக்கும்போது அதை எடுத்தால் தவறாகக் காட்டும். கிரியேட்டினின் நன்றாக இறங்கிவிட்டது என்று சொல்லி ஆகஸ்ட் பரிசோதனையைக் கைவிடுகிறவர்கள்தான் அதிகம். அதைக் கைவிட்டால் இந்த அடைமொழி சரியா தவறா என்பது அப்பாவுக்கு என்றைக்கும் தெரியாமலே போய்விடும்.

இளநீரில் பொட்டாசியம் அதிகம். இப்போதைக்கு வேண்டாம், பொட்டாசியம் எண்ணைப் பார்த்து டாக்டர் சொல்லட்டும். சூரணம் கூடவே கூடாது. அதில் என்ன இருக்கிறது என்று தருகிறவரே எழுதித் தரமாட்டார். ஆடுதின்னாப்பாளை இனத்துச் செடிகளில் உள்ள அமிலம் சிறுநீரகத்தை நிரந்தரமாகக் கெடுக்கும் என்பது உறுதியாகத் தெரிந்த விஷயம். முட்டி வலிக்கு டைக்ளோஃபெனாக், அசெக்ளோஃபெனாக், ஐபுபுரூஃபன் மூன்றும் இனி வீட்டுக்குள் வரக்கூடாது. பாரசிட்டமால் எவ்வளவு என்று கேட்டுக்கொள்ளுங்கள்.

அப்பா சாப்பிடும் மாத்திரைகளை ஒரு பையில் போட்டு எடுத்துப்போய் டாக்டரிடம் இதைக் கேளுங்கள்: மறுபடி வாந்தி, பேதி வந்தால் எந்தெந்த மாத்திரையை அன்றைக்கு நிறுத்த வேண்டும், எப்போது திரும்பத் தொடங்க வேண்டும்? மெட்ஃபார்மின், டெல்மிசார்ட்டன் அல்லது எனாலபிரில், நீர் பிரியும் மாத்திரை, டாபாகிளிஃப்ளோசின் ஆகியவை பொதுவாக அந்தப் பட்டியலில் வரும். பதிலை நோட்டின் முதல் பக்கத்தில் எழுதி வாங்குங்கள். மற்ற நாட்களில் அவர் சொல்லாமல் எதையும் நிறுத்தாதீர்கள். டெல்மிசார்ட்டன் போன்றவை சிறுநீரகத்தைக் காப்பாற்றுவதற்காகவே கொடுக்கப்படுபவை. வாந்தி வந்து ஆறேழு மணி நேரம் சிறுநீர் போகவில்லை என்றால் அன்றே ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோங்கள். நோட்டும் கையில் இருக்கட்டும்.