பதினொரு வயதும் கிராண்ட்மாஸ்டர் பட்டமும்

மதிப்பிற்குரிய ஐயா,

சேலம் செவ்வாய்ப்பேட்டையில் வெள்ளிக் கொலுசுப் பட்டறை நடத்தி வருகிறேன். ஆறாம் வகுப்பு படிக்கும் என் மகளுக்குப் பதினொரு வயது. செஸ் போட்டிகளில் ஆடி வருகிறாள். ஃபிடே (உலக செஸ் கூட்டமைப்பு) தரும் ரேட்டிங், அதாவது ஆட்டத் தரப்புள்ளி, 1500ஐ ஒட்டி இருக்கிறது. குகேஷ் பற்றித் தாங்கள் எழுதிய கட்டுரையை அவளுக்குப் படித்துக் காட்டினேன். அவளுடைய பயிற்சியாளரோ, செஸ்ஸின் உச்சப் பட்டமான கிராண்ட்மாஸ்டர் பட்டத்தைப் பன்னிரண்டு வயதிலேயே பெற்றுவிடுகிற இந்தக் காலத்தில் அந்தப் பட்டம் இனி இவளுக்கு எட்டாது, பெண்களுக்கான பட்டம் போதும், அதற்கும் பள்ளியை நிறுத்திவிட்டுச் சென்னைக்குக் குடிபோக வேண்டும் என்கிறார். உண்மையிலேயே காலம் கடந்துவிட்டதா?

ஒரு வாசகர், சேலம்

அன்புள்ள நண்பருக்கு,

குழந்தையைப் பற்றிய விவரங்கள் இருப்பதால் உங்கள் பெயரை நீக்கிவிட்டு வெளியிடுகிறேன். காலம் கடந்துவிடவில்லை என்பது என் பதில். அது ஆறுதல் வார்த்தையாகத் தோன்றக்கூடாது என்பதால் காரணங்களைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

குகேஷ் 2019 ஜனவரியில் கிராண்ட்மாஸ்டர் ஆனபோது அவருக்கு வயது 12 ஆண்டு, 7 மாதம், 17 நாள். (ஒருவரின் வயதை இப்படி நாள் கணக்கில் அச்சிடுவதை ஜாதகங்களுக்கு வெளியே செஸ் செய்திகளில்தான் பார்க்கிறேன்.) மிக இளைய கிராண்ட்மாஸ்டர் என்று செர்கெய் கார்யாகின் 2002இல் படைத்திருந்த சாதனையை அவர் பதினேழு நாளில் தவறவிட்டார். அந்தச் சாதனை 2021இல் அமெரிக்காவின் அபிமன்யு மிஸ்ராவிடம் போகும்வரை நிலைத்திருந்தது. ஆனால் அதை வைத்திருந்த கார்யாகின் 2016இல் நியூயார்க்கில் நடந்த உலகச் சாம்பியன் போட்டியில் கார்ல்சனிடம் தோற்றார். உலகச் சாம்பியன் ஆகவே இல்லை. பதினேழு நாள் பிந்தியவர்தான் 2024 டிசம்பர் 12 அன்று சிங்கப்பூரில் டிங் லிரெனை 7.5–6.5 என்ற கணக்கில் வென்று, பதினெட்டு வயதில் அந்த இடத்தில் அமர்ந்தார். ஆனந்த் கிராண்ட்மாஸ்டர் பட்டம் பெற்றது பதினெட்டு வயதில். முதல் உலகப் பட்டம் 2000இல், முப்பத்தொரு வயதில். ஐந்தாவது பட்டம் 2012இல் மாஸ்கோவில், நாற்பத்திரண்டு வயதில். அப்போது அவரை எதிர்த்து ஆடிய கெல்ஃபாண்டுக்கு நாற்பத்து மூன்று.

பட்டம் எந்த வயதில் வருகிறது என்பது ஆட்டக்காரரின் திறமையோடு அவருக்குக் கிடைத்த எதிராளிகளையும் பொறுத்தது என்பதைப் பட்டத்தின் விதிகளைப் பார்த்தாலே உணரலாம். ரேட்டிங் ஒருமுறையேனும் 2500ஐத் தொட வேண்டும். அதோடு மூன்று நார்ம்கள், அதாவது பட்டத்துக்குத் தகுதியான ஆட்டம் என்று ஒரு போட்டியில் கிடைக்கும் சான்றுகள், வேண்டும். ஒரு நார்ம் பெற, வழக்கமாகக் குறைந்தது ஒன்பது சுற்றுகள் உள்ள போட்டியில் 2600 அளவிலான ஆட்டத்தைக் காட்ட வேண்டும்; எதிராளிகளில் மூன்றில் ஒரு பங்கினராவது கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும்; அயல்நாட்டு ஆட்டக்காரர்களும் இருக்க வேண்டும். கிராண்ட்மாஸ்டர்களே இல்லாத நாட்டில் வாழ்பவர் எத்தனை நன்றாக ஆடினாலும் இந்தக் கணக்கு நிறைவேறாது. 1961இல் இந்தியாவின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் (கிராண்ட்மாஸ்டருக்கு ஒரு படி கீழான பட்டம்) ஆன மானுவேல் ஆரோன், மறு ஆண்டு ஸ்டாக்ஹோம் இன்டர்ஸோனல் போட்டியில் (உலகப் பட்டத்துக்கான தகுதிச் சுற்று) போர்டிஷ், உல்மன் என்ற முன்னணி கிராண்ட்மாஸ்டர்களை வீழ்த்தினார். 1959 தொடங்கி 1981 வரையிலான காலத்தில் ஒன்பது முறை தேசிய சாம்பியன் ஆனார். கிராண்ட்மாஸ்டர் பட்டம் மட்டும் அவருக்குக் கிடைக்கவில்லை. அவரை இன்றைய பன்னிரண்டு வயதுக் கிராண்ட்மாஸ்டர்களுக்குக் கீழே வைக்க எனக்கு மனம் வரவில்லை. ஆனந்த் 1988இல் நாட்டின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனது, நமக்குப் பக்கத்திலுள்ள கோயம்புத்தூரில் நடந்த சக்தி ஃபைனான்ஸ் சர்வதேசப் போட்டியை வென்றுதான். இன்று நாட்டில் எண்பதுக்கும் மேற்பட்ட கிராண்ட்மாஸ்டர்கள் இருக்கிறார்கள். அவர்களில் மூன்றில் ஒரு பங்கினர் தமிழ்நாட்டவர். வயது இறங்கியதற்கு கம்ப்யூட்டரைப் போலவே இதுவும் காரணம்.

நாகர்கோவிலைச் சேர்ந்த ஷ்யாம் நிகிலின் கதையை உங்கள் பயிற்சியாளர் அறிந்திருப்பார். 2012 வாக்கில் அவரிடம் இரண்டு நார்ம்களும் 2500 புள்ளிகளும் இருந்தன. மூன்றாவது நார்ம் 2024இல் துபாயில், ஒரு வெற்றியும் எட்டு டிராக்களுமாக, அவருடைய முப்பத்தொன்றாவது வயதில்தான் வந்தது. இடைப்பட்ட அந்தப் பன்னிரண்டு ஆண்டுகளில் அவர் ஆடிக்கொண்டே இருந்தார் என்பதை, எந்தச் சாதனைப் பட்டியலிலும் இல்லாத போதிலும், நான் சாதனை என்றே சொல்வேன்.

"பெண்களுக்கான பட்டம் போதும்" என்ற பேச்சு எனக்குச் சற்றும் உடன்பாடில்லை. மகளிர் கிராண்ட்மாஸ்டர் என்ற அந்தப் பட்டத்துக்கு, நார்ம்களோடு 2300 ரேட்டிங் போதும். அது வழியில் வரும் ஓர் ஊர், பயணம் முடியும் இடமாக அதை ஏன் பதினொரு வயதிலேயே குறிக்க வேண்டும்? கோனேரு ஹம்பி 2002இல் பதினைந்து வயதில் கிராண்ட்மாஸ்டர் ஆனார். குழந்தை பிறந்த பிறகு திரும்பி வந்து 2019இலும் 2024இலும் மகளிர் உலக ரேபிட் (விரைவு ஆட்டம்) சாம்பியன் ஆனார். நம் வைஷாலி 2500ஐத் தாண்டியது 2023 டிசம்பரில், இருபத்திரண்டு வயதில். தம்பி பிரக்ஞானந்தாவோ பன்னிரண்டு வயதிலேயே பட்டம் பெற்றிருந்தார். அந்த இடைவெளியைப் பார்த்து யாராவது வைஷாலியிடம் காலம் கடந்துவிட்டது என்று சொல்லியிருந்தால், அதே ஆண்டில் மகளிர் கிராண்ட் ஸ்விஸ் போட்டியை அவர் வென்றிருப்பாரா? திவ்யா தேஷ்முக் 2025இல் மகளிர் உலகக் கோப்பையை வென்று, ஒரு நார்ம்கூட இல்லாமல் நேரடியாகவே பட்டம் பெற்றார். ஆனால் அந்த ஆண்டு வரை இந்தியப் பெண்களில் கிராண்ட்மாஸ்டர் பட்டத்தை எட்டியவர்கள், ஹரிகாவையும் சேர்த்து, நால்வர்தான் என்பதையும் மறைக்கக் கூடாது. வழி கடினமானது, அந்தக் கடினத்துக்கும் உங்கள் மகளின் பதினொரு வயதுக்கும் தொடர்பில்லை.

வருமானத்தைப் பற்றி நீங்கள் கேட்கவில்லை என்றாலும் ஒரு வரி: பரிசுப் பணத்தை மட்டும் நம்பி வாழ்பவர்கள் மிகச் சிலர். ஹம்பி, சசிகிரண் போன்ற கிராண்ட்மாஸ்டர்களுக்கே ஓஎன்ஜிசி என்ற பொதுத்துறை எண்ணெய் நிறுவனத்தின் வேலைதான் பின்பலமாக இருந்தது.

இனி, செய்யத்தக்கவை. 1500 என்ற எண்ணைப் பெரிதாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பதினெட்டு வயதுக்குள், 2300க்குக் கீழே இருப்பவர்களுக்கு ரேட்டிங் கணக்கிடும் கெழு 40. சம பலமுள்ள எதிராளியை வென்றால் ஒரே ஆட்டத்தில் இருபது புள்ளி ஏறும், தோற்றால் அதே இருபது இறங்கும். அவள் தோற்ற ஆட்டங்களின் நொட்டேஷன் தாள்களை (நகர்வுகளைக் குறித்த தாள்கள்) யாராவது அவளோடு உட்கார்ந்து பார்க்கிறார்களா என்று மட்டும் விசாரியுங்கள். குகேஷின் பயிற்சியாளர் விஷ்ணு பிரசன்னா, அவர் 2500ஐ நெருங்கும்வரை செஸ் எஞ்சினை (ஆட்டத்தை ஆராயும் கம்ப்யூட்டர் நிரல்) தொடவிடாமல் சொந்தமாகச் சிந்திக்க வைத்தார். கைப்பேசியில் நாளெல்லாம் பிளிட்ஸ் (சில நிமிட அதிவேக ஆட்டம்) ஆடும் குழந்தைகளுக்கு இது வாய்ப்பதில்லை.

பள்ளியை இப்போது நிறுத்த வேண்டாம். குகேஷ் நான்காம் வகுப்போடு அன்றாடப் பள்ளியை விட்டது உண்மை. ஆனால் பெற்றோர் இருவரும் மருத்துவத் துறையினராக இருந்தும், தந்தை மருத்துவத் தொழிலைக் குறைத்துக்கொண்டு மகனோடு அலைய வேண்டியிருந்தது. ஆனந்த் லயோலா கல்லூரியில் பி.காம். முடித்தார். உங்கள் மகள் 2000ஐத் தாண்டி, போட்டிகளும் தேர்வுகளும் மோதத் தொடங்கும்போது இந்தக் கேள்விக்குத் திரும்புவோம். சென்னைக்குக் குடிபெயர்வதையும் அதுவரை தள்ளி வையுங்கள். 2019இல் கிராண்ட்மாஸ்டர் ஆன இனியன் ஈரோட்டுக்காரர். சென்னையில் நல்ல கிளாசிக்கல் (நீண்ட நேர ஆட்டம்) போட்டி நடந்தால் சேலத்தில் இரவு ஏற்காடு எக்ஸ்பிரஸ் ஏறி விடியற்காலையில் இறங்கிவிடலாம். அதற்காகப் பட்டறையை மூட வேண்டியதில்லை.

அன்புடன்.