க்ரிஸ்டினா யாண்டாவை எந்தப் படத்தில் தொடங்கலாம்?

போலந்து நடிகை யாண்டாவிடம், 'இயக்குநர் வாஜ்தாவின் படங்களில் வருபவர்' என்பதைத் தாண்டிப் பார்க்க என்ன இருக்கிறது, எதில் தொடங்கலாம் என்று கேட்டிருக்கிறீர்கள். நிறையவே இருக்கிறது. ஆனால் வாஜ்தாவை விட்டுவிட்டு அவரைப் பற்றிப் பேச முடியாது.

1977-ல் வந்த வாஜ்தாவின் 'மேன் ஆஃப் மார்பிள்' படத்தில்தான் அவர் பெயர் வெளியே தெரிந்தது. ஸ்டாலின் காலத்தில் அரசே தலையில் வைத்துக் கொண்டாடி, பிறகு சுவடில்லாமல் துடைத்துப்போட்ட ஒரு கொத்தனாரைத் தேடிப் போகும் திரைப்பட மாணவி வேடம். ஜீன்ஸ், தோளில் பை, வாயில் சிகரெட். அருங்காட்சியகத்தின் பூட்டிய அறைக்குள் எப்படியோ புகுந்து, அங்கே மல்லாத்திப் போட்டிருக்கும் கொத்தனாரின் சிலைமேல் ஏறி உட்கார்ந்து கேமராவை ஓடவிடுவார். நடிப்பு கொஞ்சம் ஓவர் என்பார்கள். எனக்கும் சில இடங்களில் அப்படித்தான் படுகிறது. ஆனால் அடக்க ஒடுக்கமாகக் கேட்டிருந்தால் அந்தக் கதவை அவளுக்கு யார் திறந்திருப்பார்கள்?

1981-ல் அதன் தொடர்ச்சியான 'மேன் ஆஃப் அயர்ன்' கான் திரைப்பட விழாவின் உயரிய விருதான தங்கப்பனையை வாங்கியது. அதே ஆண்டு ஹங்கேரிய இயக்குநர் இஸ்த்வான் ஸாபோவின் 'மெஃபிஸ்டோ'விலும் இருந்தார், அது ஆஸ்கர் வாங்கியது. இந்த வேகத்தில் போனால் ஐரோப்பாவே அவர் கையில் என்று யாரும் நினைத்திருப்பார்கள்.

அப்புறம்தான் 'இன்டராகேஷன்'. 1950களின் தொடக்கத்தில், காரணமே சொல்லாமல் சிறையில் தள்ளப்படும் ஒரு பாடகியின் கதை. இயக்கியவர் ரிஷார்ட் புகாய்ஸ்கி. 1981 டிசம்பரில் போலந்தில் ராணுவச் சட்டம் வந்தது. 1982-ல் முடிந்த படத்தை அரசு முடக்கிப் போட்டது. திருட்டு வீடியோ கேசட்டில் கைமாறிக் கைமாறித்தான் மக்கள் பார்த்தார்கள். ஆட்சி மாறி, 1989 கடைசியில் திரைக்கு வந்து, 1990-ல் கான் விழாவில் யாண்டாவுக்குச் சிறந்த நடிகை விருது கிடைத்தது. இருபதுகளின் கடைசியில் நடித்ததற்கு முப்பதுகளின் பின்பாதியில் பரிசு. ஒரு நடிகைக்கு நடுவில் போன அந்த வருடங்களை எந்த விருதும் ஈடுகட்டாது.

ஆனால் எனக்கு அதைவிடப் பிடித்தது போலந்து இயக்குநர் கீஸ்லோவ்ஸ்கியின் பத்துப் பகுதி டிவி தொடரான 'டெகலாக்'கின் இரண்டாம் பகுதி. கணவன் ஆஸ்பத்திரியில் சாகக் கிடக்கிறான், வயிற்றில் வேறொருவனின் குழந்தை. கணவன் பிழைத்தால் கருவைக் கலைத்துவிடுவாள். எனவே பிழைப்பானா என்று கிழட்டு டாக்டரிடம் உறுதியான பதில் கேட்டு நிற்கிறாள். ஓரிடத்தில் ஜன்னலோரச் செடியின் இலைகளை ஒவ்வொன்றாகப் பிய்த்துப்போட்டு, தண்டையும் முறுக்கப் பார்ப்பார். அது முறியாமல் மெல்ல நிமிரும். வசனமே கிடையாது. பழைய படபடப்பு முழுவதையும் விரல் நுனிக்குள் அடக்கிவிட்டார்.

2009-ல் மறுபடி வாஜ்தாவுடன் 'ஸ்வீட் ரஷ்'. யாண்டாவின் கணவர் எட்வர்ட் க்வொஷின்ஸ்கி, 'மேன் ஆஃப் மார்பிள்' படத்தின் ஒளிப்பதிவாளர், 2008 தொடக்கத்தில் புற்றுநோயில் இறந்துபோனார். அந்தக் கடைசி நாட்களைப் பற்றித் தானே எழுதியதை, ஓட்டல் அறை போன்ற ஒரு செட்டில் யாண்டா படத்துக்கு நடுவே பேசுகிறார். கேமரா நகர்வதே இல்லை. பாதி நேரம் முகமும் சரியாகத் தெரியாது. சொந்தத் துக்கத்தை இப்படிப் படத்தில் வைக்கலாமா என்று சிலருக்கு நெருடும், அது நியாயம்தான். எனக்கு நெருடவில்லை, ஏனென்றால் நம்மை அழவைக்க அவர் எதுவுமே செய்வதில்லை.

சினிமாவை மட்டும் நம்பியிருக்கவும் இல்லை. 2005-ல் வார்சாவில் 'பொலோனியா' என்று சொந்த நாடக அரங்கே திறந்துவிட்டார்.

சரி, எதில் தொடங்குவது? 'டெகலாக்' இரண்டு, ஒரு மணி நேரம்கூட ஆகாது. பிடித்திருந்தால் 'மேன் ஆஃப் மார்பிள்'. 'இன்டராகேஷன்' படத்தை மட்டும் ராத்திரி தூங்கப்போகும் முன் வேண்டாம்.